யானைப்பையன் வளர்ந்த பிறகு: சாபுவும் நாடு திரும்பிய ஜெர்மானியர்களும்

சற்று நீண்ட பதிவு. திரைப்பட வரலாறும் புலம்பெயர்வு வரலாறும் பயிலும் மாணவர்கள் பொறுமையுடன் முழுவதும் படிக்க வேண்டுகிறேன்.

1960-ஆம் ஆண்டு மேற்கு பெர்லினைச் சேர்ந்த சி.சி.சி. படநிறுவனம், பிரெஞ்சு, இத்தாலியத் தயாரிப்பாளர்களுடன் கூட்டாக, ‘ஹெரின் டேர் வெல்ட்’ என்ற படத்தை இரண்டு பாகங்களாக வெளியிட்டது. ‘உலகின் தலைவி’ என்று அப்பெயரைத் தமிழாக்கலாம். பேராற்றல் வாய்ந்த கண்டுபிடிப்பு ஒன்றைச் செய்துவிட்ட விஞ்ஞானி, அதைக் கைப்பற்றத் துடிக்கும் கூட்டம், அவரைத் தேடி அலையும் மகள் என்று கதை செல்கிறது. இரண்டாம் பாகத்தின் பெயரே ‘அங்கோர் வாட்’. விஞ்ஞானியின் உதவியாளராக டாக்டர் லின்-சோர் என்னும் சீனப் பாத்திரம் ஒன்று வருகிறது. அதில் நடித்தவர் சாபு. மைசூர் சமஸ்தானத்துக் காராப்பூரில் யானைப்பாகன் ஒருவரின் மகனாகப் பிறந்தவர்.

பெங்களூரில் சில மாணவர்களுடன் இப்படத்தைப் பற்றி உரையாடியபோது ஒரு மாணவி கேட்டார்: “ஜெர்மானியர்களுக்கு ஓர் இந்திய நடிகரே கிடைத்துவிட்டார். அப்படியிருக்க, அவரை ஏன் சீனராக்கினார்கள்?” அப்போது நான் சொன்ன விடை எனக்கே நிறைவளிக்கவில்லை. அதன் விரிவே இப்பதிவு.

முதலில் அறிந்த செய்திகளைத் தொகுத்துக்கொள்வோம். சாபு 1924 ஜனவரி 27 அன்று, கபினி ஆற்றங்கரையை ஒட்டிய காராப்பூரில் பிறந்தார். தந்தை மைசூர் அரசரின் யானைகளைப் பராமரித்தவர். இளமையிலேயே பெற்றோரை இழந்த சிறுவனுக்கு அரண்மனை யானைக்கொட்டிலே வீடாயிற்று. 1935-இல் ஆவணப்பட மேதை ராபர்ட் ஃபிளாஹர்ட்டி, கிப்ளிங்கின் யானைக்கதை ஒன்றைப் படமாக்க மைசூருக்கு வந்தார். லண்டனில் படநிறுவனம் நடத்திவந்த அலெக்சாண்டர் கோர்டா அனுப்பிய குழு அது. நான்காம் கிருஷ்ணராஜ உடையாரின் அரசு, குழுவினர் தங்கிப் பணியாற்ற மைசூர் நகரின் சித்தரஞ்சன் மஹாலை அளித்தது. அங்கே கண்டெடுக்கப்பட்டவர்தான் சாபு. 1937-இல் வெளிவந்த ‘எலிஃபன்ட் பாய்’ படத்துக்காக ஃபிளாஹர்ட்டியும் உடன் இயக்கிய சோல்டான் கோர்டாவும் வெனிஸ் திரைப்பட விழாவில் சிறந்த இயக்குநர் விருதைப் பகிர்ந்துகொண்டனர். சாபு தம் அண்ணனோடு இங்கிலாந்து சென்றவர் அங்கேயே தங்கிவிட்டார்.

‘சாபு தஸ்தகீர்’ என்று பல நூல்கள் குறிக்கும் பெயரில் ‘தஸ்தகீர்’ என்பது அண்ணனுடைய பெயர். கடல் கடந்த ஆவணங்களில் அது தம்பியோடு ஒட்டிக்கொண்டது என்பதே அவரைப் பற்றி எழுதியோர் பலரின் கருத்து. ஒரு மனிதரின் பெயரையே சரியாகப் பதிவுசெய்யாத கோப்புகளிலிருந்துதான் அவருடைய வாழ்க்கையை நாம் எழுத வேண்டியிருக்கிறது என்பதை மாணவர்கள் நினைவில் கொள்ள வேண்டும்.

சாபுவைப் பற்றிய வழக்கமான சித்திரம் இதுதான்: சிறுவனாக உலகப் புகழ் பெற்றார்; வளர்ந்ததும் கவர்ச்சி குறைந்தது; வாய்ப்புகள் தேய்ந்தன; 1963 டிசம்பர் 2 அன்று லாஸ் ஏஞ்சலஸ் அருகே 39 வயதில் மாரடைப்பால் காலமானார். குழந்தை நட்சத்திரங்களின் தலைவிதி என்று எல்லோரும் தலையசைத்துவிட்டு நகர்ந்துவிடுகிறோம். இச்சித்திரத்தில் பிழையான செய்தி எதுவும் இல்லை. ஆயினும் ஒரு வரலாற்று நிகழ்வைத் தனிமனித விதியாகச் சுருக்கிவிடுவது இதன் குறை. சாபுவின் வாழ்க்கையை அவரோடு பணியாற்றியவர்களின் வாழ்க்கைக்கு அருகில் வைத்துப் படித்தால் வேறொன்று புலப்படுகிறது.

அவருடைய படங்களின் பெயர்ப்பட்டியல்களை வரிசையாகப் பாருங்கள். அவரைத் திரைக்குக் கொண்டுவந்த கோர்டா சகோதரர்கள் ஹங்கேரியர்கள். இங்கிலாந்துக்கு வருமுன் வியன்னா, பெர்லின், பாரிஸ் என்று அலைந்தவர்கள். 1940-இல் வெளிவந்த ‘தி தீஃப் ஆஃப் பாக்தாத்’ படத்தின் இயக்குநர்களுள் ஒருவர் லுட்விக் பெர்கர் என்ற ஜெர்மானிய யூதர். அப்படத்தின் வில்லன் ஜாஃபராக நடித்தவர் கொன்ராட் ஃபைட். நாஜி ஆட்சி வந்ததும் யூத மனைவியோடு ஜெர்மனியை விட்டு வெளியேறிய பெரும் நடிகர். 1944-இல் வந்த ‘கோப்ரா உமன்’ படத்தை இயக்கியவர் ராபர்ட் சியோட்மாக். 1933-இல் ஜெர்மனியை விட்டு நீங்கியவர். 1947-இல் வந்த ‘பிளாக் நார்சிஸஸ்’ படத்தை உருவாக்கிய இருவருள் ஒருவரான எமரிக் பிரெஸ்பர்கர், பெர்லினின் ஊஃபா நிறுவனத்தில் திரைக்கதை எழுதிவந்து, ஹிட்லர் பதவியேற்றபின் தப்பியவர். அதே படத்துக்காக இங்கிலாந்தின் பைன்வுட் படப்பிடிப்பு நிலையத்தில் இமயமலையை எழுப்பி ஆஸ்கர் விருது பெற்ற கலை இயக்குநர் ஆல்ஃபிரெட் யுங்கேயும் ஜெர்மானியரே.

ஆக, சாபுவின் திரைவாழ்வு பெரிதும் நாடிழந்தோர் நடுவே அமைந்தது. அவர்களுக்கும் அவருக்கும் ஒரு பொதுத்தன்மை இருந்தது: தாய்மொழி செல்லாத நாட்டில் கேமராவை நம்பிப் பிழைத்தவர்கள். போர் முடிந்த பின்னர்தான் இவர்களின் பாதைகள் பிரிகின்றன.

போர்க்காலத்துக்குச் சற்றுத் திரும்ப வேண்டும். போரின் காரணமாக ‘தி தீஃப் ஆஃப் பாக்தாத்’ படப்பிடிப்பு அமெரிக்காவுக்கு மாற்றப்பட்டபோது சாபுவும் உடன் சென்றார். 1944-இல் அமெரிக்கக் குடியுரிமை பெற்றார். பி-24 குண்டுவீச்சு விமானத்தில் துப்பாக்கி வீரராகப் பசிபிக் போர்முனையில் பணியாற்றி, விமானப்படை வீரர்களுக்கான சிறப்புமிக்க பறத்தல் சிலுவை விருதையும் பெற்றார். இந்தியர்கள் ‘வெள்ளையர்’ அல்லர் ஆகையால் குடியுரிமைக்குத் தகுதியற்றவர்கள் என்று 1923-இல் பகத் சிங் திந்த் வழக்கில் அமெரிக்க உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்திருந்தது. இந்தியர்களுக்குப் பொதுவாகக் குடியுரிமைக் கதவு திறந்தது 1946-ஆம் ஆண்டின் லூஸ்–செல்லர் சட்டத்தால்தான். அப்போதும் ஆண்டுக்கு 100 பேருக்கே குடியேற அனுமதி. அவ்வளவு அரிதான ஒன்று, அச்சட்டத்துக்கு இரண்டாண்டு முன்பே சாபுவின் கைக்கு வந்தது. பின்னாளில் அவர் தாயகம் திரும்ப விரும்பியபோது குறுக்கே நின்றதும் அதுவே.

போருக்குப் பிந்தைய வேடங்களைப் பார்ப்போம். ‘பிளாக் நார்சிஸஸ்’ படத்தில் இளம் ஜெனரலாக வந்தார். வளர்ந்த மனிதனாக, காதலும் கர்வமும் உள்ளவனாக நடிக்கக் கிடைத்த அரிய வாய்ப்பு அது. அவரோடு இணையும் மலைநாட்டுப் பெண்ணாக முகத்தில் பழுப்புநிறம் பூசி நடித்தவர் ஆங்கிலேயரான ஜீன் சிம்மன்ஸ். அதே ஆண்டில் வந்த ‘தி எண்ட் ஆஃப் தி ரிவர்’ படத்தில் பிரேசில் நாட்டுப் பழங்குடி இளைஞர். 1952-இல் இத்தாலியில், விட்டோரியோ டி சிகா நடித்த நகைச்சுவைப் படத்தில், ஏழை ஆசிரியர் ஒருவருக்கு யானையைப் பரிசளிக்கும் கீழைநாட்டு இளவரசர். அதற்குச் சற்று முன் லண்டனின் ஹாரிங்கே அரங்கில் யானைகளோடு சர்க்கஸ். 1956-இல் ‘ஜங்கிள் ஹெல்’, அடுத்த ஆண்டு ‘சாபு அண்ட் தி மேஜிக் ரிங்’. இவ்விரண்டிலும் பாத்திரத்தின் பெயரே சாபு. முப்பது வயதைக் கடந்து, மணமாகி, போர்ப்பதக்கம் பெற்ற ஒருவர் இன்னும் ‘யானைப்பையன்’தான். மேற்குலகத் திரையில் வளர்ந்த இந்திய ஆணுக்கு இடமில்லை. ஒன்று அவர் சிறுவனாகவே நீடிக்க வேண்டும். இல்லையேல் பிரேசில்காரராகவோ சீனராகவோ உருமாற வேண்டும்.

அதே காலத்துத் தமிழ்நாட்டோடு ஒப்பிட்டால் இது துலங்கும். ‘ஹெரின் டேர் வெல்ட்’ வெளிவந்த 1960-இல்தான் இங்கே எம்.ஜி.ஆர். நடித்த ‘பாக்தாத் திருடன்’ வெளிவந்தது. அப்போது எம்.ஜி.ஆருக்கு வயது 43. அந்த வயதில் அவர் இளைஞனாகவும் காதலனாகவும் வீரனாகவும் தோன்றியதைத் தமிழ்ப் பார்வையாளர்கள் இயல்பாக ஏற்றனர். அதே பெயர் கொண்ட ஆங்கிலப் படத்தால் உலகப் புகழடைந்த சாபுவுக்கு அப்போது 36 வயதுதான். முதுமை அவர் வாய்ப்புகளைப் பறித்தது என்று எப்படிச் சொல்வது? தம்மைக் கதைத்தலைவனாக ஏற்கும் ஒரு மொழியும் ஒரு பார்வையாளர் கூட்டமும் அவருக்கு இல்லை என்பதே உண்மை.

அத்தகைய கூட்டத்தைத் தேடி அவர் வராமலும் இல்லை. 1950களின் நடுவில் மெஹ்பூப் கான் தம் பெரும் படத்தில் பிர்ஜு வேடத்துக்குச் சாபுவைத் தேர்ந்தெடுத்தார் என்றும், சாபு பம்பாய்க்கு வந்து காத்திருந்தார் என்றும், அமெரிக்கக் குடிமகனான அவருக்கு இங்கே பணியாற்ற அனுமதி கிட்டவில்லை என்றும் பதிவுகள் கூறுகின்றன. அந்தப் படம் 1957-இல் ‘மதர் இந்தியா’ என்று வெளிவந்தது. பிர்ஜுவாக நடித்துப் புகழ்பெற்றவர் சுனில் தத். நாட்டின் மண்ணையும் தாயையும் பாடிய அந்தப் படத்தில், மண்ணின் மகன் ஒருவர் அயல்நாட்டவர் என்பதால் இடம்பெறவில்லை. இதில் எவர் மீதும் பழி சொல்ல நான் முனையவில்லை. புதிதாய் விடுதலை பெற்ற நாடு தன் குடிமக்கள் யார் என்று வரையறுத்துக்கொண்டிருந்த காலம் அது. மேலும், 1938-இல் அவர் நடித்த ‘தி டிரம்’ படம் பிரிட்டிஷ் ஆதிக்கத்தைப் போற்றுகிறது என்று பம்பாயிலும் சென்னையிலும் எதிர்ப்பு எழுந்திருந்தது. வரையறைக் கோட்டுக்கு அப்பால் நின்றவர்களின் வரிசையில் சாபுவும் ஒருவர்.

இப்போது ஜெர்மானியர்களிடம் வருவோம். சி.சி.சி. நிறுவனத்தைத் தோற்றுவித்தவர் ஆர்தர் பிரவுனர். போலந்தில் பிறந்து நாஜிகளின் படுகொலையிலிருந்து உயிர்பிழைத்த யூதர். 1946-இல், இடிபாடுகளாய்க் கிடந்த பெர்லினில், இந்நிறுவனத்தைத் தொடங்கினார். 1950களில் அவர் செய்த குறிப்பிடத்தக்க பணி, நாட்டை விட்டு ஓடிய திரைக்கலைஞர்களை மீண்டும் அழைத்துவந்தது. சாபுவை ‘கோப்ரா உமன்’ படத்தில் இயக்கிய சியோட்மாக், பிரவுனருக்காக இயக்கிய ‘டீ ராட்டன்’ 1955-இல் பெர்லின் திரைப்பட விழாவில் தங்கக்கரடி விருது பெற்றது. அடுத்து வந்தவர் ஃபிரிட்ஸ் லாங். அவரும் தெயா ஃபான் ஹார்போவும் எழுதிய ‘இந்தியக் கல்லறை’ திரைக்கதையை 1921-இல் அவரிடமிருந்து எடுத்துக்கொண்டு தாமே இயக்கினார் யோ மாய். 38 ஆண்டுகள் கழித்து, பிரவுனரின் முதலீட்டில், லாங் அக்கதையைத் தாமே இரு பாகங்களாக எடுத்தார். அதற்கான வெளிப்புறக் காட்சிகள் உதய்ப்பூரில் படமாயின. 1960-இல் ‘ஹெரின் டேர் வெல்ட்’ படத்தை இயக்கிய வில்லியம் டீட்டர்லேயும் ஹாலிவுட்டிலிருந்து திரும்பியவர்தான். இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் யானைகள் பங்களாவைத் துவம்சம் செய்யும் ‘எலிஃபன்ட் வாக்’ படத்தை 1954-இல் இயக்கியவரும் அவரே. ‘ஹெரின் டேர் வெல்ட்’டுக்கும் ஒரு மூலம் உண்டு: 1919-இல் அதே யோ மாய் எட்டுப் பாகங்களாக எடுத்த ஊமைப்படம்.

ஒரே தயாரிப்பாளர், அடுத்தடுத்த ஆண்டுகள், இரண்டு கீழைநாட்டுப் படங்கள். 1959-இல் வந்த லாங்கின் படத்தில் இந்திய மகாராஜா சந்திராவாக நடித்தவர் ஆஸ்திரியரான வால்டர் ரையர். அவருடைய தமையன் ராமிகனியாக லக்சம்பர்க்கில் பிறந்த ரெனே டெல்ட்கன். கோயில் நாட்டியக்காரி சீதாவாக அமெரிக்கரான டெப்ரா பேஜட். மறு ஆண்டு, அதே நிறுவனத்தில், உலகறிந்த இந்திய நடிகர் சீனராக நிற்கிறார். மாணவியின் கேள்விக்கான விடை இங்கேதான் கிடைக்கிறது. அந்தத் திரையில் ‘இந்தியா’ என்பது ஐரோப்பியர் அணிந்து கழற்றும் உடையாக இருந்தது. மகாராஜா வேடம் மதிப்புமிக்க உடை. அதற்குரியவர் ஐரோப்பிய நாயக நடிகர். உதவியாளர் வேடம் எந்த ஆசிய முகத்துக்கும் பொருந்தும் உடை, அதற்குச் சாபு. இனம் சார்ந்த தேர்வு என்பதைக் காட்டிலும், வேடத்தின் தகுதி சார்ந்த தேர்வு என்று இதைச் சொல்வது பொருத்தமாக இருக்கும். 1921-ஆம் ஆண்டுப் படத்தில் மகாராஜாவாக நடித்தவர் யார் தெரியுமா? பின்னாளில் பாக்தாதில் சாபுவை வதைக்கும் ஜாஃபராக வந்த அதே கொன்ராட் ஃபைட்.

‘அக்காலத்தில் எல்லோருமே அப்படித்தான் எடுத்தார்கள்’ என்று ஒருவர் மறுக்கலாம். பாதி உண்மை. சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் அமெரிக்கர்களுடன் கூட்டாக 1952-இல் எடுத்த ‘தி ஜங்கிள்’ படத்தில்கூட ராமா சிங் என்ற இந்தியராக நடித்தவர் சீசர் ரொமேரோ. இளவரசியாக நடித்தவர் மேரி வின்ட்சர். நம் மண்ணில், நம் முதலாளியின் பணத்தில் எடுத்தபோதும் நிலை மாறவில்லை. ஆனால் முப்பதாண்டுகளுக்கு முந்தைய ஜெர்மானியத் திரைப்படமே இதற்கு மாற்றுச் சான்றாகவும் நிற்கிறது. ஹிமான்சு ராயும் மியூனிக்கின் ஃபிரான்ஸ் ஓஸ்டனும் சேர்ந்து 1925-இல் உருவாக்கிய ‘லைட் ஆஃப் ஏசியா’ படத்தில் புத்தராக நடித்தவர் ஹிமான்சு ராய். 1928-இல் ‘ஷிராஸ்’, 1929-இல் ‘எ த்ரோ ஆஃப் டைஸ்’. இவற்றில் இந்திய வேடங்களை ஏற்றவர்கள் இந்திய நடிகர்களே. ஆகவே, ஜெர்மானியப் பார்வையாளர் இந்திய முகத்தை ஏற்கமாட்டார் என்பது காரணமாகாது. ராய்க்குத் தயாரிப்பில் பங்கு இருந்தது. கதையை முடிவுசெய்யும் அதிகாரம் இருந்தது. சாபு ஒப்பந்த நடிகர். வேறுபாட்டின் வேர் அங்கே இருக்கிறது.

இன்னொரு மறுப்பையும் எதிர்கொள்ள வேண்டும். வெளியேறிய ஜெர்மானியர் எல்லோரும் நாடு திரும்பிவிட்டார்களா? இல்லை. ஃபைட் 1943-இல் ஹாலிவுட்டிலேயே இறந்தார். யோ மாய் அங்கே உணவகம் தொடங்கி நொடித்து, 1954-இல் மறைந்தார். லாங் 1960-இல் தம் கடைசிப் படத்தை முடித்துவிட்டு மீண்டும் அமெரிக்காவுக்கே போய்விட்டார். திரும்புதல் அவர்களுக்கும் முழுமையான மீட்சியாக அமையவில்லை. எனினும் திரும்பிப் பார்க்கவாவது அவர்களுக்கு ஒரு வாசல் திறந்தது.

இந்த வேறுபாட்டை மிகத் தெளிவாகக் காட்டுவது ஓர் இணை வாழ்க்கை. துர்ஹான் பே 1922-இல் வியன்னாவில் துருக்கியத் தந்தைக்கும் யூதத் தாய்க்கும் பிறந்தவர். ஆஸ்திரியா நாஜிகளின் கைக்குப் போன 1938-இல் வெளியேறினார். ஹாலிவுட்டில் ‘அரேபியன் நைட்ஸ்’, ‘ஒயிட் சாவேஜ்’ படங்களில் சாபுவோடு நடித்தார். 1949-இல் ‘சாங் ஆஃப் இந்தியா’வில் இருவரும் மீண்டும் இணைந்தனர், அதிலே இந்திய மகாராஜா வியன்னாக்காரரான துர்ஹான் பே. இருவருக்கும் ஏறக்குறைய ஒரே வயது. ஒரே படப்பிடிப்பு நிலையம். ஒரே வகைக் ‘கீழைநாட்டு’ வேடங்கள். அவ்வகைப் படங்களின் மோகம் வடிந்ததும் இருவருக்கும் ஒரே நேரத்தில் சரிவு. துர்ஹான் பே 1950களில் வியன்னாவுக்குத் திரும்பினார். புகைப்படக் கலைஞராக இரண்டாம் வாழ்வு தொடங்கினார். 2012-இல் 90 வயதில் பிறந்த ஊரிலேயே மறைந்தார். சாபு பம்பாய் வரை வந்து திரும்பினார், பெர்லினில் சீனரானார், 39 வயதில் போனார். அவருடைய கடைசிப் படமான ‘எ டைகர் வாக்ஸ்’ 1964-இல், அவர் மறைந்த பிறகு வெளிவந்தது.

நாடிழந்தோர் வரலாற்றை எழுதும்போது ஐரோப்பிய அறிவாளர்களையும் கலைஞர்களையும் பற்றி நமக்குப் பெரும் நூலகமே இருக்கிறது. அவர்களின் படங்களில் துணை நின்றவர்களின் நாடிழப்பு அந்த நூலகத்தில் அடிக்குறிப்பாகவே இருக்கிறது. சாபுவைக் ‘குழந்தை நட்சத்திரம்’ என்ற தலைப்பிலிருந்து எடுத்துப் ‘புலம்பெயர்ந்தோர்’ என்ற தலைப்பின்கீழ் வைக்க வேண்டும் என்பதே என் வாதம். அவ்வாறு வைத்தால், திறமை எவ்வாறு தேய்ந்தது என்ற கேள்வி பின்தங்கி, திரும்பிச்செல்லும் உரிமை யாருக்குக் கிடைத்தது என்ற கேள்வி முன்னுக்கு வரும்.

மைசூரின் சித்தரஞ்சன் மஹால் பின்னர்த் திரைப்பட நிலையமாகி, இப்போது விடுதியாக இயங்குகிறது. 1974-இல் முடிந்த கபினி அணையின் நீர்த்தேக்கம் பழைய காகனகோட்டைக் காட்டின் ஒரு பகுதியை மூழ்கடித்துவிட்டது. பெங்களூரிலிருந்து அங்கே செல்வோர் இன்று படகிலிருந்து யானைக்கூட்டங்களைக் காண்கிறார்கள். அந்தக் கரையில் வளர்ந்த ஒருவர் பெர்லின் படப்பிடிப்பு நிலையத்தில் சீன விஞ்ஞானியாக நின்றார் என்பதை, அடுத்தமுறை அங்கே செல்லும் மாணவர்கள் ஒரு கணம் நினைத்துக்கொள்வார்களானால், இப்பதிவின் நோக்கம் நிறைவேறும்.

ஆய்வுத்தலைப்பு தேடும் இளநண்பர்களுக்கு ஒரு வேண்டுகோள். நட்சத்திரங்களின் பெயர்களை விட்டு, பெயர்ப்பட்டியலின் ஐந்தாம், ஆறாம் வரிகளிலிருந்து தொடங்குங்கள். நம் ஊர்ப் பெயர்கள் பெரும்பாலும் அங்கேதான் இருக்கின்றன.